உம் கொட்டுகிறவள்

கேமரா ஓட ஆரம்பித்து முழுசாக ஒரு வாக்கியம் முடிந்திருக்கும். கூட்டத்துக்குள்ளிருந்து அஞ்சம்மாள் "உம்" என்றாள்.

சொன்னது அவளுக்கே தெரியாது. தும்மல் வருகிற மாதிரி வந்துவிட்டது. உப்புப் பாத்தியின் நடுவில் அவள் புருசன் சடையப்பன் கைகட்டி நின்று, "மொதலாளி, இன்னிக்கு நான் பாத்தியில எறங்கல" என்று சொல்லி மூச்சு விட்டான். அந்த மூச்சு போய் விழுகிற இடத்தில் இவளுடைய "உம்" நின்றது. பதினோரு வருசமாக அது நிற்கிற இடம் அதுதான்.

"கட்! கட்!"

தொப்பி போட்ட டைரக்டர் நாற்காலியை விட்டு எழுந்தார். வரப்பின் மேல் நின்ற சவுண்டு வண்டிக்குள்ளிருந்து, காது இரண்டிலும் கறுப்புக் கிண்ணம் கவிழ்த்திருந்த ஒருவன் தலையை நீட்டினான். "சார், ஒரு பொம்பளைக் குரல் விழுந்திருக்கு. உம்முங்குது."

"யாரும்மா அது?"

வள்ளூர் உப்பளம் மொத்தமும் பலகையையும் கூடையையும் போட்டுவிட்டு அங்கேதான் நின்றிருந்தது. நூறு பேரும் ஒரே சமயத்தில் அஞ்சம்மாளைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"இன்னாத்துக்கு எல்லாம் என்னியே பாக்கறீங்க?" என்றாள்.

"பின்ன யாரப் பாக்கறது?" என்றாள் பக்கத்தில் நின்ற முத்தம்மாள். இரண்டு பேரும் ஒரே பாத்தியில் பத்து வருசமாக உப்பு வாருகிறவர்கள். "தலைய அவுரு ஆட்டுனா வால நீ ஆட்ற. தலைய மட்டும் படம் புடிக்க வந்துக்கறாங்க பாவம், அவுங்களுக்கு இன்னா தெரியும்?"

சிரிப்பு வரப்பு வரப்பாக ஓடியது. சடையப்பன் சிரிக்கவில்லை. அவன் அவளைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

பகலில் உப்பு வாருகிறவன், சாவு வீட்டில் கதை சொல்கிறவன். சடையப்பனைப் பற்றிப் பழவேற்காட்டிலிருந்து கும்மிடிப்பூண்டி வரைக்கும் யாரைக் கேட்டாலும் இப்படித்தான் சொல்வார்கள். கருமாதிக்கு முதல் நாள் ஆள் வந்து சொல்லிவிட்டுப் போகும். இவனிடம் மேளமில்லை, சலங்கையில்லை, முகத்துக்குப் பூச ஒரு சிட்டிகை அரிதாரம்கூட இல்லை. வாய் ஒன்றுதான். பாயை விரித்து உட்காருவான். அவனுக்கு இடது பக்கம், ஒரு சாண் பின்தள்ளி, அஞ்சம்மாள் உட்காருவாள். அவன் ஒரு வாக்கியம் சொல்வான், அவள் "உம்" என்பாள். அவன் அடுத்தது சொல்வான்.

வெளியாட்களுக்கு அது வெறும் உம். அஞ்சம்மாளுக்கு அதில் எத்தனையோ உண்டு. மேலே போ என்கிற உம், நில்லு அழட்டும் என்கிற உம், ஐயையோ என்கிற உம். அவன் ரொம்பவும் அளந்துவிட்டால் அரைகுறையாய் ஒரு கஞ்ச உம் விழும். உடனே அவன் கதையை இழுத்துப் பிடித்துத் தரைக்குக் கொண்டுவருவான். உம் இல்லாமல் சொன்ன கதை சொன்னவன் வயிற்றிலேயே தங்கி அழுகிவிடும் என்பது அந்தப் பக்கத்து நம்பிக்கை. ஒரு தடவை அவளுக்குக் காய்ச்சல் என்று அவள் தம்பி சின்னராசுவை உட்காரவைத்துப் பார்த்தான். பயல் உம் சொல்ல வேண்டிய இடத்தில் கொட்டாவி விட்டான், கொட்டாவி விடுகிற இடத்தில் உம் என்றான். தாலியறுத்தவளே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துவிட்டாள். அதற்கப்புறம் சடையப்பன் அவள் இல்லாமல் எந்த ஊருக்கும் கதைக்குப் போனதில்லை.

ஆரம்பாக்கத்தில் ஒரு கருமாதிக்குக் கதை சொல்லும்போதுதான் சுப்பராயன் கேட்டார். பள்ளிப்பட்டுக்காரர். கோடம்பாக்கத்தில் ஒரு படக் கம்பெனிக்கு ஆள் அம்பு சேர்க்கிற வேலை. கதை முடிந்ததும் வந்து சடையப்பனின் தாடையைப் பிடித்து இந்தப் பக்கம் அந்தப் பக்கம் திருப்பிப் பார்த்தார், மாடு பிடிக்கிறவர் மாதிரி.

"நைனா, இந்த மூஞ்சிய வெச்சிக்கினு நீ இன்னாத்துக்கு உப்புல கெடந்து வேவற?"

ஆறு மாதம் கழித்து இரண்டு காரோடும் ஒரு வண்டியோடும் வந்து நின்றார். படத்தில் ஒரே ஒரு இடம். கால்வாயில் பிள்ளையைப் பறிகொடுத்த உப்பளக் கூலிக்காரன், முதலாளியிடம் வந்து இன்றைக்கு வேலைக்கு வரவில்லை என்று சொல்ல வேண்டும். மெட்ராசில் இரண்டு நடிகர்களை நிற்கவைத்துப் பார்த்தார்களாம். இரண்டு பேரும் மேடையில் ராஜா பேசுகிற மாதிரி பேசினார்களாம். "வள்ளூர்ல ஒருத்தன் இருக்கான்" என்று சுப்பராயன் சொல்லியிருக்கிறார்.

சேதி கேட்டு உப்பளமே குதித்தது. அஞ்சம்மாள் சுப்பராயனிடம் ஒன்றுதான் கேட்டாள்.

"நான் எங்க ஒக்காரணும்?"

அவர் சிரித்தார். "நீ எதுக்கும்மா? படத்துல அவுரு மட்டுந்தான்."

உப்புத் தண்ணியில் நிற்கிற காலில் பித்தவெடிப்பு வந்தால் அது ஆறாது. நடந்தால் மறக்கும், நின்றால் எரியும். அந்தப் பதில் அவளுக்குள் அப்படி இருந்தது. அவன் நன்றாகச் சொல்லிவிட்டால் கம்பெனி கொண்டுபோய்விடும், அப்புறம் அவன் பக்கத்தில் அவளுக்கு இடமில்லை. சொல்ல முடியாமல் போனால் நூறு பேர் முன்னால் அவன் தலை தொங்கும். இந்த இரண்டில் உனக்கு எது வேண்டும் என்று தன்னையே கேட்டுக்கொள்ள அவளுக்குப் பயமாக இருந்தது.

இரண்டாம் தடவை உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள். "எறங்கல" என்று அவன் முடித்ததும் உம் மூக்கு வழியாக வந்தது. சவுண்டு வண்டிக்காரன் காதிலிருந்த கிண்ணத்தைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு அவளைப் பார்த்தான்.

மூன்றாம் தடவை அவளை மூன்று பாத்தி தாண்டி, பனையோலை போட்டு மூடிய உப்பு அம்பாரத்துக்குப் பின்னால் உட்காரவைத்தார்கள். காவலுக்கு முத்தம்மாள்.

"சத்தம் வந்தா வாயில உப்ப அள்ளிப் போட சொல்லிக்கறாங்கடி" என்றாள் முத்தம்மாள்.

அங்கிருந்து ஒன்றும் தெரியவில்லை. காது மட்டும் கேட்டது. யாரோ சைலன்ஸ் என்று கத்தினார்கள். உப்பளம் அப்படி ஒரு அமைதியை அதுவரைக்கும் கண்டதில்லை. பாத்தியில் பலகை இழுக்கிற சத்தமில்லை, ஏத்தம் இறைக்கிற சத்தமில்லை, திட்டுகிற மேஸ்திரி இல்லை. அந்த அமைதிக்குள் சடையப்பன் குரல் வந்தது.

"மொதலாளி, இன்னிக்கு நான் பாத்தியில எறங்கல."

அப்புறம் ஒன்றுமில்லை.

அஞ்சம்மாள் முத்தம்மாளின் கையைப் பிடித்துக்கொண்டாள். அவன் நின்றுகொண்டிருக்கிறான் என்று அவளுக்குத் தெரிந்தது. வாக்கியத்தை வெளியே வைத்துவிட்டு அதை யாராவது வாங்கிக்கொள்வார்கள் என்று நிற்கிறான். வாங்க ஆளில்லை.

"சொல்லுய்யா! அடுத்தது சொல்லு!"

"சொல்றேன் சாமி."

மறுபடியும் சைலன்ஸ். மறுபடியும் அந்த ஒரே வாக்கியம். மறுபடியும் அமைதி. நான்கு, ஐந்து. அஞ்சம்மாளுக்குள் ஒரு சின்ன சந்தோசம் எட்டிப் பார்த்தது. கெட்ட சந்தோசம்தான். பார்த்தாயா, நானில்லாமல் முடியுமா என்றது அது. அதை அவள் விரட்டவில்லை, கொஞ்ச நேரம் உட்காரவிட்டாள்.

ஆறாம் தடவைக்குப் பிறகு டைரக்டரின் குரல் கேட்டது. கத்தாத குரல். "இருக்கறது ஒரே ஒரு டின் ஃபிலிம். ஆளை மாத்துங்க சுப்பராயன்."

"சார், இன்னும் ஒரு வாட்டி..."

"போதும். மூஞ்சி இருக்கு, பேச்சு வரல."

வரப்பில் யாரோ ஒருவன் பலமாகச் சிரித்தான். மேஸ்திரி முனுசாமியின் குரல் அது. "சாவு ஊட்டுல கிழிகிழின்னு கிழிக்கறான். இங்க பாரு, பொண்டாட்டி இல்லாங்காட்டி வாயே தொறக்கல!" அவனோடு சேர்ந்து இன்னும் பத்துப் பேர் சிரித்தார்கள். தெரிந்த சிரிப்புகள். கருமாதி வீடுகளில் அவன் எதிரே உட்கார்ந்து மூக்கைச் சிந்திய ஆட்கள்.

அஞ்சம்மாள் எழுந்தாள்.

"ஏய், எங்கடி போற?"

"சும்மா இருமே."

பாத்தி வரப்பில் நடக்காமல் பாத்திக்குள்ளேயே இறங்கி நேராக நடந்தாள். காலடியில் உப்புப் பொருக்கு நொறுங்கியது. டைரக்டர் முன்னால் போய் நின்றாள்.

"ஐயா, நான் அவுரு கண்ணெதிர நிக்கறேன். சொல்லிடுவாரு."

"நீதானம்மா சத்தம் போட்டே?"

"போட மாட்டேன்."

"ரெண்டு வாட்டி போட்டியே!"

அவள் முந்தானையைச் சுருட்டினாள். கைப்பிடி அளவுக்குப் பந்தாக உருட்டி வாய்க்குள் திணித்துக்கொண்டாள். கன்னம் இரண்டும் புடைத்தன. டைரக்டர் சிரிக்கப் போனவர் சிரிக்காமல் நிறுத்திக்கொண்டார். கேமராக்காரர் வெயிலை நிமிர்ந்து பார்த்தார். வெளிச்சம் அடிப்பதற்காகக் கொண்டுவந்திருந்த வெள்ளித்தாள் ஒட்டிய பலகைகளை அவர் காலையிலேயே கீழே போடச் சொல்லிவிட்டார். உப்பே போதும் என்றார். வருசக்கணக்காக இவர்கள் கண்ணைத் தின்கிற கூச்சம் அது. அதற்கு அன்றைக்குத்தான் ஒரு உபயோகம் வந்தது. "அரை மணி நேரம் இருக்கு சார்" என்றார்.

அவளைக் கேமராவுக்கு இடது பக்கத்தில், இரும்புக் காலை ஒட்டினாற்போல் நிற்கவைத்தார்கள்.

அங்கே நின்று நிமிர்ந்தபோதுதான் அஞ்சம்மாளுக்கு அது உறைத்தது. இந்த மனுசன் கதை சொல்லும்போது முகம் எப்படி இருக்கும் என்று அவள் பார்த்ததே இல்லை. பதினோரு வருசமாக அவள் பார்த்தது அவனுடைய இடது காது, பிடரி, கழுத்தில் ஏறி இறங்குகிற நரம்பு. கேட்கிற சனங்கள் வாயைப் பிளப்பதைப் பார்த்திருக்கிறாள், கிழவன்கள் துண்டால் கண்ணை அழுத்துவதைப் பார்த்திருக்கிறாள். எதைப் பார்த்து அழுகிறார்கள் என்று தெரியாது.

"மொதலாளி, இன்னிக்கு நான் பாத்தியில எறங்கல."

நாலு பக்கத்து உப்பும் வெளிச்சத்தை அவன் முகத்தில் கொட்டியது. அது அவள் சோறு போடுகிற முகமில்லை. கோபத்தில் பார்த்ததில்லை, படுக்கையில் பார்த்ததில்லை. கன்னத்தில் எலும்பு எழுந்திருந்தது. கண்ணுக்குக் கீழே தோல் நடுங்கியும் நடுங்காமலும் நின்றது. ஏதோ ஒரு பெரிய பாரத்தை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு, இறக்க இடம் தேடுகிறவன் முகம். இத்தனை நாளும் இதன் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தோமா என்று அவளுக்கு ஆகிவிட்டது. கோயிலில் திரை விலகும்போதுகூட அவளுக்கு அப்படி ஆனதில்லை.

வயிற்றிலிருந்து உம் கிளம்பியது. நெஞ்சுக்கு வந்தது. தொண்டையில் துணி. வழியில்லாமல் அது மேலே ஏறிக் கண்ணுக்கு வந்து நின்றது. தாடை அசையவில்லை. அவள் எதுவுமே செய்யவில்லை.

அவன் வாங்கிக்கொண்டான்.

"ராத்திரி புள்ள ஊட்டுக்கு வரல மொதலாளி." நின்றான். வாங்கினான். "கால்வாயில போட் இழுக்கறவங்க தூக்கினு வந்தாங்க." நின்றான். "கை நெறைய உப்பு வெச்சிக்கினு இருந்தான். தண்ணில கெடந்தும் மூடுன கைய தொறக்கல. தொறந்து பாத்தேன். ஒண்ணும் இல்ல. கரைஞ்சிட்ச்சி." இந்த இடத்தில் எழுதிக் கொடுத்த காகிதத்தில் வேறென்னமோ இருந்தது. குலக்கொழுந்து, இளந்தளிர் என்று சுப்பராயன் நேற்று வாசித்துக்காட்டியது. சடையப்பன் அந்தப் பக்கமே போகவில்லை. "அதான் மொதலாளி. இன்னிக்கு ஒரு நாளு. நாளைக்கு வந்துர்றேன்."

எதிரே முதலாளி வேசம் போட்டிருந்தவர் மெட்ராசில் பேர் வாங்கிய நடிகர். அவர் பதில் வசனம் பேச வேண்டும். பேசவில்லை. வாயைத் திறந்து, மூடி, கையில் பிடித்திருந்த வெள்ளிப் பூண் தடியைப் பார்த்துக்கொண்டு நின்றார். கேமரா ஓடுகிற கிர்ரென்ற சத்தம் மட்டும் இருந்தது. கட் சொல்ல வேண்டிய டைரக்டர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டிருந்தார். டின்னில் இருந்த ஃபிலிம் தீர்ந்து அதுவாகத்தான் நின்றது.

முனுசாமி வரப்பில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான். சிரித்த பத்துப் பேரில் ஒருவரும் நிமிரவில்லை.

அஞ்சம்மாள் வாயிலிருந்து துணியை இழுத்தாள். எச்சில் ஊறிக் கனத்தது. சடையப்பன் பாத்தியை விட்டு வந்து, அவளைத் தாண்டிப் போய்ச் சுப்பராயனிடம் கேட்டான்.

"சரியா வந்துச்சாய்யா?"

"நைனா" என்றார் சுப்பராயன். கையை நீட்டி அவன் தாடையைத் தொட்டார்.

கம்பெனி அடுத்த படத்துக்கும் கூப்பிட்டது. அதற்கடுத்ததுக்கும். சடையப்பன் மீஞ்சூர் ஸ்டேசனில் காலை ரயில் ஏறினான். முதலில் இரண்டு நாள், அப்புறம் பத்து நாள், அப்புறம் கோடம்பாக்கத்திலேயே ஒரு அறை என்றானது. தை பிறந்து ஒரு முறை வந்தான். காலில் செருப்பு. பாதத்து வெடிப்புகள் மூடிக்கொண்டிருந்தன. அதைத்தான் அவள் முதலில் பார்த்தாள்.

சோற்றைப் போட்டுவிட்டு எதிரே உட்கார்ந்தாள். "அங்க யாரு நிக்கறாங்க?"

"எங்க?"

"கேமராகிட்ட. நீ பேசறப்ப."

அவனுக்குப் புரிந்தது. குழம்பைப் பிசைந்துகொண்டே இருந்தான். "ஆளு கெடையாது அஞ்சம்மா. ஒரு குச்சி நட்டு அதுல சாக்பீசால கோடு போடுவாங்க. அத்தப் பாத்துப் பேசணும்."

"கோடு உம் கொட்டுமா?"

"கொட்டாது. கொட்டறாப்புல நெனச்சிக்கணும்."

"நெனச்சிக்கறியா?"

"மொதல்ல வரல. இப்ப பழகிட்ச்சி."

அவள் எழுந்து போய்த் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். அவன் குடித்தான். "நீயும் அங்க வந்துரேன்" என்றான். சொன்ன விதத்தில் பொய்யில்லை. ஆனால் அங்கே வந்து எங்கே நிற்பது என்று அவனும் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை. மறுநாள் காலை ரயிலுக்கு அவன் போனான். அந்த வாரமே வள்ளூரை அடுத்த ஊரிலிருந்து கருமாதிக்கு ஆள் வந்தது. அவர் இல்லை என்றாள். நீயாவது வந்து சொல்லேன் என்றது வந்த ஆள். "நான் இன்னா சொல்றது?" என்று கேட்டுவிட்டுக் கூடையைத் தூக்கிக்கொண்டு பாத்திக்குப் போனாள்.

பங்குனியில் படம் மீஞ்சூர் டெண்டுக் கொட்டாய்க்கு வந்தது. உப்பளத்தில் அன்றைக்கு மூன்று மணிக்கே வேலையை முடித்துவிட்டார்கள். முனுசாமியே முடித்துவைத்தான். கால்வாய்க் கரையோடு சனம் திருவிழாவுக்குப் போகிற மாதிரி நடந்தது. சடையப்பன் மட்டும் இல்லை. ஷூட்டிங் என்று கார்டு போட்டிருந்தான்.

கொட்டாய்க்காரர் பழவேற்காட்டு ஹபிபுல்லா பாய். வாசலில் நின்று தானே டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தார். முத்தம்மாள் இவளை முன்னால் தள்ளினாள். "பாய், இது யார்னு தெரியுதா? அந்த உப்புக்காரரு ஊட்டுக்காரி."

பாய் ஒரு நிமிசம் அவளை உற்றுப் பார்த்தார். "நேத்து ஆட்டத்துல அந்த எடம் வந்தப்ப எங்க ஊட்டு மெஹர்னிசா அழுத அழுகையில வாயில இருந்த வெத்தல வெளிய வந்துருச்சிம்மா. போ, டிக்கெட்டு வேணாம்."

உள்ளே பெண்கள் பக்கம் இடது கை ஓரம். நடுவில் இடுப்பளவு தடுப்புத் துணி. முன்னால் மணலில் இடமில்லை, அவரவர் மணலைக் குவித்து மேடாக்கி உட்கார்ந்துவிட்டார்கள். இவர்களுக்குக் கடைசியில், மெசின் இருக்கிற தகர அறைக்குப் பக்கத்தில்தான் இடம் கிடைத்தது. தலைக்கு மேலே வெளிச்சக் கம்பம் ஒன்று பீடிப் புகையைத் துளைத்துக்கொண்டு போனது. படத்தில் யாரோ பணக்காரப் பெண் யாரையோ நினைத்துப் பாடினாள். யாரோ மோட்டாரில் போனார்கள். ரீல் மாற்ற மூன்று முறை விளக்குப் போட்டார்கள். மூன்றாவது முறை விளக்கு அணைந்ததும் திரையில் வெள்ளை விரிந்தது.

"தே! நம்ம பாத்தி!"

"நம்ம அம்பாரம்டி! ஓலகூட நான் போட்டது!"

வள்ளூர் உப்பளம்தான். ஆனால் அவர்கள் ஒரு நாளும் பார்க்காத உப்பளம். அங்கே கண் கூசவில்லை. கால் எரியவில்லை. பாத்திக்குப் பாத்தி வானம் கிடந்தது. முத்தம்மாள் வாயைத் திறந்தவள் மூடவில்லை. இங்கேயா நாம் வேலை செய்கிறோம் என்று யாரோ கிழவி மெல்லக் கேட்டாள்.

வெள்ளையிலிருந்து சடையப்பன் முகம் வந்தது. வந்துகொண்டே இருந்தது. ஆள் உயரம் தாண்டி, பனை உயரமாகி, கொட்டாயின் இந்த மூங்கிலுக்கும் அந்த மூங்கிலுக்கும் நடுவில் நிறைந்து நின்றது. கண் இமையில் ஒவ்வொரு மயிரும் தெரிந்தது. ஏரிப் பக்கத்திலிருந்து அடித்த காற்றில் திரை உப்பி அடங்கியபோது அந்த முகம் மூச்சு வாங்கியது.

அஞ்சம்மாள் எப்போது எழுந்தாள் என்று அவளுக்குத் தெரியாது. எழுந்ததும் வெளிச்சம் அவள் தலையில் தட்டியது. திரையின் இடது ஓரத்தில், கீழ் மூலையில், கொண்டை போட்ட ஒரு தலையின் நிழல் முளைத்தது.

"ஏ, யாரு அது! மறைக்குது!"

"குந்துமே! அறிவில்ல?"

ஆண்கள் பக்கத்திலிருந்து ஒரு கை மணல் வந்து முதுகில் விழுந்தது. முத்தம்மாள் புடவையைப் பிடித்து இழுத்தாள். அவள் உட்காரவில்லை.

"மொதலாளி, இன்னிக்கு நான் பாத்தியில எறங்கல" என்றது பனை உயரத்து முகம்.

சொல்லிவிட்டு நிறுத்தியது. முதலாளியைப் பார்க்க வேண்டிய கண் மெல்ல நகர்ந்து, இடது பக்கமாக, கீழ் மூலைக்கு, அந்த நிழல் தலை நிற்கிற இடத்துக்கு வந்தது. அங்கேயே நின்றது. கொட்டாயில் கத்திக்கொண்டிருந்தவர்கள் ஒவ்வொருவராகக் கத்துவதை விட்டார்கள். மெசின் ஓடுகிற சத்தம் கேட்டது. வெளியே எங்கேயோ கூடூர் ரயில் போகிற சத்தம் கேட்டது. அந்தப் பெரிய கண்ணுக்குள் ஏதோ ஒன்று வந்து விழுந்ததை முந்நூறு பேரும் பார்த்தார்கள்.

"ராத்திரி புள்ள ஊட்டுக்கு வரல மொதலாளி" என்று அவன் நிழலைப் பார்த்துச் சொன்னான்.